‘தாங்களே தேடிக்கொண்ட சாவு’ என்னும் பொய்

துப்பாக்கிச்சூடு நடந்த ஊரில் மறுநாள் காலை ஒரு பேச்சு தவறாமல் கிளம்பும். “சும்மா இருந்தவனையா சுட்டார்கள்? கல்லெறிந்தான், தீ வைத்தான், வாங்கிக் கட்டிக்கொண்டான்.” இப்படிச் சொல்பவர்கள் கொடியவர்கள் அல்லர். பிள்ளைகளைப் படிக்க அனுப்பிவிட்டு, ஒழுங்காகப் படித்து முடித்து வீடு திரும்ப வேண்டுமே என்று கவலைப்படும் சாதாரண மனிதர்கள்தான். அதனாலேயே இந்தப் பேச்சை நான் அதிகம் அஞ்சுகிறேன். நல்ல மனிதர்களின் வாய்வழியே பரவும்போது அதுவே ஊர்த் தீர்ப்பாகிவிடுகிறது.

1970 மே 4, திங்கட்கிழமை. அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழக வளாகத்துக்குள், வியட்நாம் போரை எதிர்த்துக் கூடிய மாணவர்களைத் தேசியக் காவல் படை சுட்டது. 13 விநாடிகளில் 60-க்கும் மேற்பட்ட குண்டுகள். நான்கு மாணவர்கள் இறந்தார்கள், ஒன்பது பேர் காயம்பட்டார்கள். எதிர்ப்பு வன்முறையாக மாறினால் துயரத்தைத் தானே வரவழைத்துக்கொள்ளும் என்ற பொருளில் வெள்ளை மாளிகை அறிக்கை விட்டது. நியூஸ்வீக் இதழுக்காகக் கேலப் நிறுவனம் அந்த மாதமே எடுத்த கருத்துக்கணிப்பில், நடந்ததற்கு மாணவர்களே பொறுப்பு என்றவர்கள் 58 சதவீதம். படைதான் பொறுப்பு என்றவர்கள் 11 சதவீதம்.

அது பழங்கதை ஆகிவிடவில்லை. 2024 ஏப்ரலில் காஸா போரை எதிர்த்துக் கொலம்பியா பல்கலைக்கழக மாணவர்கள் கூடாரம் அடித்து உட்கார்ந்தபோது, தேசியக் காவல் படையை அனுப்புங்கள் என்று செனட்டர்கள் டாம் காட்டனும் ஜோஷ் ஹாலியும் கேட்டார்கள். கென்ட் ஸ்டேட்டில் பிழை மாணவர்களுடையது என்று நம்பும் நாட்டில்தான் அப்படிக் கூசாமல் கேட்க முடியும். எனவே அந்த நம்பிக்கையைத் துருவிப் பார்ப்பது இன்றைக்கும் தேவையாக இருக்கிறது.

எதிர்த்தரப்பின் வாதத்தை அதன் முழு வலிமையோடு முதலில் சொல்லிவிடுகிறேன். ஏப்ரல் 30 இரவு, அமெரிக்கத் துருப்புகள் கம்போடியாவுக்குள் நுழைவதாக நிக்சன் தொலைக்காட்சியில் அறிவித்தார். மறுநாள் வெள்ளிக்கிழமை இரவு கென்ட் நகரின் மதுக்கடைத் தெருவில் ரகளை நடந்தது, கடைக் கண்ணாடிகள் நொறுங்கின. மேயர் நெருக்கடி நிலையை அறிவித்தார். சனிக்கிழமை இரவு, வளாகத்தில் இருந்த ராணுவப் பயிற்சிப் பிரிவின் மரக்கட்டடம் எரிக்கப்பட்டது. அணைக்க வந்தவர்களின் தண்ணீர்க் குழாய்கள் அறுக்கப்பட்டன. திங்களன்று கூட்டம் கூடக் கூடாது என்று துண்டறிக்கை கொடுத்திருந்தும் கூடினார்கள். கலையச் சொன்னபோது கல்லெறிந்தார்கள். எதிரே நின்ற படைவீரர்களில் பலர் அதே வயதுப் பையன்கள். லாரி ஓட்டுநர் வேலைநிறுத்தக் காவலிலிருந்து நேராக இங்கே கொண்டுவரப்பட்டவர்கள், சரியாகத் தூங்காதவர்கள். பயந்தார்கள், சுட்டார்கள். இதில் கொலைகாரன் என்று யாரைச் சொல்வது?

இதில் உள்ள தகவல்கள் ஏறக்குறைய எல்லாமே உண்மை. கட்டடத்துக்குத் தீ வைத்தது குற்றம், தீயணைப்புக் குழாயை அறுத்தது அதைவிடக் கேவலம். அவற்றுக்கு நான் வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் இந்தத் தகவல்களிலிருந்து எடுக்கப்படும் முடிவு பொய். ஏன் என்று வரிசையாகச் சொல்கிறேன்.

1. தீ வைத்தவர்களா செத்தார்கள்?

கட்டடம் எரிந்தது சனிக்கிழமை இரவு. சுட்டது திங்கட்கிழமை நண்பகல் 12.24 மணிக்கு. நடுவே ஒரு முழு ஞாயிற்றுக்கிழமை கடந்திருந்தது. இறந்த நால்வரில் சாண்ட்ரா ஷூயர், வயது 20, வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தவர். வில்லியம் ஷ்ரோடர், வயது 19, அவரும் வகுப்புக்குப் போகும் வழியில் நின்று பார்த்தவர். எரிந்துபோன கட்டடம் எந்தப் பயிற்சிப் பிரிவுடையதோ, அந்தப் பிரிவின் மாணவரே அவர். அவருக்குக் குண்டு பாய்ந்தது முதுகுப் பக்கம். சுட்டவர்களிடமிருந்து இருவரும் 380 அடிக்கும் அப்பால் இருந்தார்கள்.

இங்கே ஒரு கண்ணி இருக்கிறது, அதில் நான் விழ விரும்பவில்லை. ‘ஷூயரும் ஷ்ரோடரும் அப்பாவிகள், ஐயோ பாவம்’ என்று மட்டும் சொல்லி நிறுத்தினால், மற்ற இருவரும் சாகத் தக்கவர்கள் என்று ஒப்புக்கொண்டதாகும். ஆலிசன் க்ராஸ், 19. ஜெஃப்ரி மில்லர், 20. இருவரும் போரை எதிர்க்கத்தான் அங்கே வந்தார்கள். கத்தினார்கள், முழக்கமிட்டார்கள். வந்ததற்காக அவர்கள் சாவுக்கு ஒரு விரற்கடைகூட நெருங்கியவர்கள் ஆகிவிடமாட்டார்கள். கட்டடத்தைக் கொளுத்திய ஆளையே கையும் களவுமாகப் பிடித்திருந்தாலும், ஒஹையோவின் எந்த நீதிமன்றமும் அவனுக்கு மரண தண்டனை கொடுத்திருக்காது. சிறைக்குப் போய், சில ஆண்டுகளில் வெளியே வந்திருப்பான். நீதிமன்றம் குற்றவாளிக்கே கொடுக்கத் துணியாத தண்டனையை, எவன் குற்றவாளி என்று பார்க்காமலே மாணவர்கள் நின்ற ஒரு கார் நிறுத்துமிடத்தின் மீது வாரி இறைத்ததற்குச் சட்டம் ஒழுங்கு என்று பெயர் சூட்டினார்கள்.

மகளை இழந்த மறுநாள் ஆலிசனின் தந்தை தொலைக்காட்சிக் கேமராக்கள் முன்னால் நின்று கேட்டதும் இதைத்தான்: தன் அரசு செய்வதோடு உடன்படவில்லை என்பதற்காக ஒரு பெண் சுடப்பட வேண்டிய நிலைக்கா இந்த நாடு வந்துவிட்டது?

2. திங்களன்று வன்முறை எப்போது தொடங்கியது என்று கேட்டுப் பாருங்கள்.

நண்பகல் வேளை. வளாகத்தின் நடுவே திறந்த புல்வெளி. வகுப்பு மாறும் நேரத்தில் எல்லோரும் குறுக்கே கடந்துபோகும் இடம் அது. மணி அடித்து மாணவர்களைக் கூட்டினார்கள். முழக்கமிட்டவர்கள் சில நூறு பேர், வேடிக்கை பார்க்கவும் ஆதரவுக்கும் நின்றவர்கள் அதைவிடப் பல மடங்கு. கலையும்படி ஒலிபெருக்கியோடு ஜீப் வரும்வரை அங்கே ஒரு கல்கூட எழவில்லை. கூட்டம் கூடியதுதான் குற்றம், கூடியவர்கள் செய்த எதுவும் அல்ல.

சரி, கூடியது குற்றமா? ஞாயிறன்று ஆளுநர் ஜேம்ஸ் ரோட்ஸ் செய்தியாளர்களிடம் பேசும்போது, நெருக்கடி நிலைக்கு நீதிமன்ற ஆணை வாங்கப்போவதாகச் சொன்னார். வாங்கவில்லை. ராணுவச் சட்டமும் முறைப்படி அறிவிக்கப்படவில்லை. ஆளாளுக்கு ஒன்றை ஊகித்துக்கொண்டார்கள். அதிகாரிகள் தடை அமலில் இருப்பதாக நினைத்தார்கள், மாணவர்கள் பலருக்குத் தடை என்று ஒன்று இருப்பதே தெரியாது. இந்தக் குழப்பத்தின் மீது கண்ணீர்ப்புகைக் குண்டுகளையும், முனையில் கத்தி செருகிய துப்பாக்கிகளோடு நூறு பேரையும் அனுப்பினார்கள். கலையச் சொல்லி ஜீப் வந்த பிறகுதான் முதல் கல் பறந்தது. எறிந்தது சரியென்று சொல்லவில்லை. எது முன், எது பின் என்பதை மாற்றிச் சொல்லாதீர்கள் என்கிறேன்.

3. உயிருக்குப் பயந்து சுட்டார்களாம்.

படைவீரர்கள் குன்றின் மேலேறி மறுபுறம் இறங்கி, வேலியடைத்த கால்பந்துப் பயிற்சி மைதானத்துக்குள் போய்ச் சுமார் பத்து நிமிடம் நின்றார்கள். கல் விழுந்தது, இவர்களும் திருப்பி எறிந்தார்கள். பிறகு வந்த வழியே மேலேறினார்கள். அவ்வளவுதான், முடிந்தது என்று நினைத்து மாணவர்கள் பலர் கலையத் தொடங்கியிருந்தார்கள். குன்றின் உச்சியை அடைந்ததும், கான்கிரீட் குடை போன்ற ஒரு சிறு மண்டபத்தின் அருகே, படையின் ஒரு பகுதி சட்டென்று திரும்பிச் சுட்டது.

திரும்பிச் சுட்டது. மறுபுறம் இறங்கிப் போக வழி திறந்தே கிடந்தது. படை சூழப்படவில்லை என்பதே எஃப்.பி.ஐ. விசாரணையை ஆராய்ந்த நீதித்துறையின் முடிவு. அதே சுருக்க அறிக்கை இன்னொன்றையும் சொன்னது: உயிருக்கு ஆபத்து வந்தது என்ற பேச்சு சம்பவத்துக்குப் பிறகு ஜோடிக்கப்பட்டது என்று நம்பக் காரணம் இருக்கிறது. கல்லடிக்காக மருத்துவம் பார்த்துக்கொள்ள வேண்டிவந்த படைவீரர் ஒரே ஒருவர். அந்த அடியும் சுடுவதற்குப் பத்து நிமிடமாவது முன்பு பட்டது.

தூரத்தைப் பாருங்கள். இறந்தவர்களில் மிக அருகில் இருந்தவர் மில்லர், அவரே ஏறத்தாழ 265 அடியில் நின்றார். காயம்பட்டவர்களில் மிக நெருங்கி நின்றவர் 70 அடியில், மிக விலகி நின்றவர் 700 அடிக்கும் அப்பால். எறிந்த கல் போய்ச் சேராத தொலைவில் நிற்பவனால் என்ன உயிர் பயம் வரும்? படை ஏந்திவந்த எம்-1, போர்க்களத்துக்கென்று செய்த துப்பாக்கி. டெய்லர் ஹால் கட்டடத்துக்கு வெளியே எஃகுத் தகடுகளால் ஆன ஒரு சிற்பம் நிற்கிறது. அன்று அதில் பட்ட குண்டு தகட்டைத் துளைத்து மறுபுறம் போயிருக்கிறது. விரல் நுழையும் அளவுக்கு வட்டமான அந்தத் துளை இன்றும் அடைக்கப்படாமல் இருக்கிறது. எஃகைத் துளைக்கும் குண்டைத்தான் புத்தகம் சுமந்த பிள்ளைகள் மீது விட்டார்கள்.

இன்னொரு கணக்கும் உண்டு. குன்றின் மேல் நின்றவர்கள் 70-க்கும் மேற்பட்டோர். சுட்டதாக ஒப்புக்கொண்டவர்கள் 28 பேர். அவர்களிலும் பலர் வானத்தை நோக்கியோ தரையை நோக்கியோ சுட்டதாகச் சொன்னார்கள். அதே வெயில், அதே கல், அதே வசவு. ஆனாலும் பாதிக்கு மேற்பட்டவர்கள் விசையை அழுத்தவில்லை. பயம் தவிர்க்க முடியாமல் சுட வைத்தது என்றால், இவர்களை எது நிறுத்தியது?

4. ‘படைவீரர்களும் பிள்ளைகள்தானே’ என்ற வாதத்தை நான் முழு மனதோடு ஏற்கிறேன்.

ஏற்றுக்கொண்டு, அதைச் சொல்பவர்களிடமே திருப்பிக் கொடுக்கிறேன். தூக்கமில்லாத, கூட்டத்தைக் கையாளும் பயிற்சி போதாத பையன்கள் அவர்கள். அப்படியென்றால் அவர்கள் கையில் தோட்டா நிரப்பிய போர்த் துப்பாக்கியைக் கொடுத்தது யார்? மாணவர் கூட்டத்துக்கு முன்னால் போகும்போதும் தோட்டா நிரப்பிக்கொண்டே போகலாம் என்பது ஒஹையோ படையின் விதி. அந்த விதியை எழுதியவர்கள் கல்லெறிந்த மாணவர்கள் அல்லர். கென்ட் ஸ்டேட்டை விசாரிக்க நிக்சனே நியமித்த ஸ்க்ராண்டன் ஆணையம், மாணவர்களின் வன்முறையையும் கடுமையாகக் கண்டித்தது. அதே ஆணையம், கூட்டத்தின் மீது கண்மூடித்தனமாகச் சுட்டது தேவையற்றது, நியாயமற்றது, மன்னிக்க முடியாதது என்று எழுதியது. மாணவர் போராட்டத்தின் முன் நிரப்பிய துப்பாக்கிகளை வழக்கமாகக் கொடுப்பது இதோடு முடிய வேண்டும் என்றது. அதிபரே தேர்ந்தெடுத்த குழுவின் சொல் இது, மாணவர் சங்கத் துண்டறிக்கை அல்ல.

துப்பாக்கியை நிரப்பியது போலவே மனத்தையும் நிரப்பினார்கள். ஆளுநர் என்றதும் நம் நாட்டில் உள்ள நியமனப் பதவியை நினைத்துக்கொள்ள வேண்டாம். அங்கே அவர் வாக்கு வாங்கி வருபவர், நம் முதலமைச்சரைப் போல. செனட் வேட்பாளராவதற்கு ரோட்ஸ் தன் கட்சிக்குள்ளேயே போட்டியிட்டுக்கொண்டிருந்தார். வாக்குப்பதிவு மே 5, செவ்வாய். அதற்கு இரண்டு நாள் முன்பு, ஞாயிற்றுக்கிழமை காலை, கென்ட் நகருக்கு வந்து மேசையைக் குத்திக் குத்திப் பேசினார். வளாகம் வளாகமாகப் போய்க் கலகம் மூட்டுவதாக அவர் குற்றம்சாட்டியவர்களை, ஹிட்லரின் பழுப்புச் சட்டைப் படையையும் கம்யூனிஸ்டுகளையும் விட மோசமானவர்கள், இந்த நாட்டில் இருப்பவர்களிலேயே இழிந்தவர்கள் என்றார். பிரச்சினையை அடியோடு ஒழிக்கப்போவதாகச் சொன்னார். அந்தப் பேச்சுக்கு இரண்டு நாள் முன்பு, வளாகங்களில் கலவரம் செய்பவர்களை உதவாக்கரைகள் என்ற பொருளில் நிக்சன் ஏசியிருந்தார்.

இந்தப் பேச்சுகள் வளாகத்தில் காவல் நின்ற இருபது வயதுப் பையனின் காதிலும் விழுந்திருக்குமே. எதிரில் நிற்பவள் தன் தங்கை வயதுக்காரி என்பதை மறக்கச் சொல்லி மாநிலத்தின் தலைவரே மேடை போட்டுப் பேசினால், அவன் விரல் விசையில் எவ்வளவு இலேசாக இருக்கும்? ரோட்ஸ் அந்தத் தேர்தலில் சொற்ப வித்தியாசத்தில் தோற்றார். பின்னர் மீண்டும் இருமுறை ஆளுநராக வென்றார்.

5. இரு தரப்பும் தவறு செய்தன என்றால், இரு தரப்பும் தண்டனை பெற்றனவா?

1970 அக்டோபரில் மாநிலப் பெருநடுவர் குழு 25 பேர் மீது குற்றம்சாட்டியது. அத்தனை பேரும் வளாகத் தரப்பைச் சேர்ந்தவர்கள், பெரும்பாலும் மாணவர்கள். படைவீரர் ஒருவர்கூட இல்லை. அந்த வழக்குகளில் பெரும்பாலானவை பின்னர் கைவிடப்பட்டன. 1974-இல் எட்டுப் படைவீரர்கள் மீது மத்திய அரசு தொடர்ந்த வழக்கை, சாட்சியம் போதாது என்று நீதிபதி பாதியிலேயே தள்ளுபடி செய்தார். ஆளுநர் மீது வழக்கே போட முடியாது என்ற தடையை உடைக்க ஷூயரின் குடும்பம் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. ஏறத்தாழ ஒன்பது ஆண்டு அலைச்சலுக்குப் பிறகு, 1979 ஜனவரியில் சமரசம். மொத்தம் 6,75,000 டாலர். அதில் பாதிக்கு மேல், இடுப்புக்குக் கீழ் செயலிழந்து சக்கர நாற்காலிக்குப் போன மாணவருக்கு. இறந்த ஒவ்வொருவரின் பெற்றோருக்கும் 15,000 டாலர். கூடவே வருத்தம் தெரிவிக்கும் ஓர் அறிக்கை.

இதோடு மேடிசன் நகரில் நடந்ததை வைத்துப் பாருங்கள். போர் எதிர்ப்பாளர்களும் கொன்றார்கள், அதை மறைத்து எழுதினால் இந்தக் கட்டுரைக்கு மதிப்பில்லை. 1970 ஆகஸ்ட் 24 அதிகாலை, விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தின் ஸ்டெர்லிங் ஹாலில் இருந்த ராணுவக் கணித ஆய்வு மையத்தைக் குறிவைத்து நான்கு இளைஞர்கள் வெடிவைத்தார்கள். ராபர்ட் ஃபாஸ்னாக்ட் என்ற இயற்பியல் ஆய்வாளர் இறந்தார். 33 வயது, மூன்று குழந்தைகளின் தந்தை, ராணுவ ஆய்வோடு தொடர்பே இல்லாதவர். அது கொலை. ஆள் இல்லாத நேரம் என்று நினைத்தோம் என்ற சமாதானம் அதைக் கொலை அல்லாததாக்காது. நால்வரில் மூவரைத் தேடிப் பிடித்துச் சிறையில் அடைத்தார்கள், நான்காமவரை எஃப்.பி.ஐ. பல பத்தாண்டுகள் தேடியது. அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. நான் கேட்பதெல்லாம், ஃபாஸ்னாக்ட்டின் உயிருக்குக் கணக்குக் கேட்ட சட்டம் ஆலிசன் க்ராஸின் உயிருக்கு ஏன் கேட்கவில்லை என்பதுதான். அவர்கள் அழைத்துக்கொண்ட சாவு என்று ஊரே முடிவுகட்டிய பிறகு எந்த நடுவர் குழு கேட்கும்?

6. இந்தப் பொய்க்கு விளைவு உண்டு. அது பத்தே நாளில் வந்தது.

கென்ட் ஸ்டேட்டுக்கு நான்கு நாள் கழித்து, மே 8 அன்று, இறந்த மாணவர்களுக்காக நியூயார்க்கில் கூடியவர்களைக் கட்டடத் தொழிலாளர்கள் அடித்து நொறுக்கினார்கள். மே 14 நள்ளிரவு கடந்து, மிசிசிப்பியில் கறுப்பின மாணவர்கள் படிக்கும் ஜாக்சன் ஸ்டேட் கல்லூரியில், மாணவியர் விடுதியான அலெக்சாண்டர் ஹாலை நோக்கி நகரக் காவலர்களும் நெடுஞ்சாலைக் காவலர்களும் அரை நிமிடம் போலச் சுட்டார்கள். 400-க்கும் மேற்பட்ட குண்டுகள். ஃபிலிப் கிப்ஸ், 21, மணமாகிக் கைக்குழந்தையோடு இருந்த கல்லூரி மாணவர். ஜேம்ஸ் ஏர்ல் கிரீன், 17, வேலை முடிந்து வீட்டுக்கு நடந்துபோன பள்ளி மாணவன். இருவரும் இறந்தார்கள். அங்கே போர் மட்டும் காரணமல்ல, வளாகத்தை ஊடறுத்துப் போகும் சாலையில் வெள்ளையர்களின் சீண்டலும் நெடுநாள் பகையும் இருந்தன. ஆனால் உள்ளூர்ப் பெருநடுவர் குழு சொன்ன காரணம் நமக்குப் பழக்கமானது. கலவரத்தில் இறங்குபவர்கள், காவலர்கள் ஒழுங்கை நிலைநாட்ட வரும்போது காயப்படவும் சாகவும் தயாராக இருக்க வேண்டும் என்றார்கள். கென்ட் தெருவில் சாதாரண மக்கள் பேசியது, மிசிசிப்பியில் நீதிமன்ற ஆவணமாயிற்று. ஒருவரும் சிறைக்குப் போகவில்லை.

இரண்டாண்டு முன்னால், 1968 பிப்ரவரியில், தென் கரோலினாவின் ஆரஞ்ச்பர்கில் மூன்று கறுப்பின இளைஞர்களைக் காவலர்கள் சுட்டுக் கொன்றபோதும் இதே கதை. காவலர்கள் ஒன்பது பேரும் விடுதலை. சுடப்பட்டுக் காயம்பட்ட ஒரு போராட்டக்காரருக்குச் சிறை. 1968-இல் அந்தப் பேச்சை அமெரிக்கா மறுத்திருந்தால் 1970-இல் துப்பாக்கிகளை நிரப்பத் தயங்கியிருப்பார்கள் என்பதே என் துணிபு.

7. வேறு வழியே இல்லையாம்.

இதுதான் கடைசிப் புகலிடம். மற்ற எல்லாம் விழுந்த பிறகும், ‘கூட்டம் அடங்காது, சுடாமல் என்ன செய்வது’ என்று கேட்பார்கள். இதற்கு விடை அதே நாளில், அதே புல்வெளியில் இருக்கிறது. சுட்டு முடிந்ததும் மாணவர்கள் ஓடிப்போய்விடவில்லை. ரத்தத்தைப் பார்த்தவர்கள் நூற்றுக்கணக்கில் புல்வெளியோரச் சரிவில் உட்கார்ந்துவிட்டார்கள். எங்களையும் சுடுங்கள் என்ற ஆவேசம். படை மீண்டும் முன்னேறத் தயாராக நின்றது. நண்பகலில் இருந்த கூட்டத்தைவிட இது நூறு மடங்கு கொதித்துப்போன கூட்டம். நிலவியல் பேராசிரியர் க்ளென் ஃபிராங்கும் வேறு சில ஆசிரியர்களும் இடையே புகுந்தார்கள். படை அதிகாரிகளிடம் கொஞ்ச நேரம் கெஞ்சி வாங்கினார்கள். பிறகு ஃபிராங்க் மாணவர்களிடம் போய், குரல் உடைந்து அழுதபடி, கலைந்து போகும்படி மன்றாடினார். அவர் கையில் ஆயுதமோ ஆணையோ இல்லை. மாணவர்களுக்கு அவரைத் தெரியும் என்பது மட்டுமே இருந்தது. சுமார் இருபது நிமிடத்தில் அவர்கள் எழுந்து போனார்கள், ஒருவர் மீதும் கீறல் விழாமல். நண்பகலில் ஜீப்பையும் ஒலிபெருக்கியையும் அனுப்பியவர்கள், இந்த ஆசிரியர்களிடம் அந்த இருபது நிமிடத்தை முன்கூட்டியே ஒப்படைத்திருக்கலாம். அவர்கள் அப்போதும் அதே வளாகத்தில்தான் இருந்தார்கள்.